மூன்று பேர், ஒரு குடை, கண்ணில் படாத ஒரு மலை

எப்படிப் போவது, எங்கே தங்குவது, என்ன செலவாகும் என்று வரிசையாக எழுதத்தான் உட்கார்ந்தேன். யோசித்துப் பார்த்தால், மூன்று நாளில் நான் அந்த ஊரைப் பார்த்தது ஒரு மணி நேரம்கூடத் தேறாது. மீதி நேரமெல்லாம் கூட வந்த இரண்டு பேரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். அதனால் ஊர்ப் பேரை விட்டுவிடுகிறேன். மலை இருக்கும் எந்த ஊரையும் வைத்துக்கொள்ளுங்கள்.

ஒருத்தி பொருளாளர், இன்னொருத்தி பாட்டி. இரண்டும் ஹாஸ்டலில் ஒட்டிக்கொண்ட பட்டப்பெயர்கள். பாட்டி என்னைவிட எட்டு மாதம் சின்னவள். பதினெட்டு வயதிலேயே பையில் தைலம், ஊக்கு, நூல்கண்டு, பிளாஸ்திரி என்று ஒரு குடும்பத்துக்கு வேண்டியதை வைத்துக்கொண்டு திரிந்தாள். மூவரும் சேர்ந்து கடைசியாக வெளியூர் போய் இருபது வருஷம் ஆகிறது.

பஸ்ஸைப் பற்றிச் சொல்லியே ஆக வேண்டும். இரவு பஸ். என் சீட் சாய்ந்தது, நிமிரவில்லை. பின்னால் இருந்தவர் மடியில் தலை வைத்துப் படுத்த மாதிரிதான் பாதி ராத்திரி போனது. அவரும் பாவம், எத்தனை தடவைதான் இருமுவார்? பாட்டிக்கு ஏசியிலிருந்து சொட்டுச் சொட்டாகத் தண்ணீர். கண்டக்டரைக் கூப்பிட்டோம்; வந்தார், அண்ணாந்து பார்த்தார், "ஆமாங்க, ஒழுவுது" என்று உறுதிப்படுத்திவிட்டுப் போனார். பாட்டி ஒன்றுமே பேசவில்லை. பையைத் திறந்தாள், குடையை எடுத்தாள், பஸ்ஸுக்குள்ளேயே விரித்துப் பிடித்துக்கொண்டு கண்ணை மூடினாள்.

பொருளாளர் சிரிப்பை அடக்கப் போய் அது மூக்கு வழியாக வந்தது. அப்புறம் என்னாலும் முடியவில்லை. முழு பஸ்ஸும் தூங்குகிறது, நடுவில் ஒரு குடை, அதைச் சுற்றி இரண்டு நாற்பது வயதுப் பெண்கள் கண்ணில் நீர் வழியக் குலுங்கிக்கொண்டு. எழுதிப் பார்த்தால் அவ்வளவு சிரிப்பாக இல்லை, எனக்கே தெரிகிறது. சிரிப்பை ஆராய்ந்த ராபர்ட் புரொவைன் என்ற விஞ்ஞானி, தனியாக இருக்கும்போது சிரிப்பதைப் போல முப்பது மடங்கு மற்றவர்களோடு இருக்கும்போது சிரிக்கிறோம் என்று கண்டார். அதிலும் பெரும்பாலான சிரிப்புக்கு முன்னால் ஜோக் என்று சொல்லும்படி எதுவுமே இருப்பதில்லையாம். என் வீட்டில் குடைக் கதையைச் சொன்னேன். "சரி, அப்புறம்?" என்றார்கள்.

அறை. புக் பண்ணும்போது பார்த்த படத்தில் ஜன்னலுக்கு வெளியே மலை இருந்தது. நேரில் தண்ணீர்த் தொட்டி இருந்தது. தொட்டிக்குப் பின்னால் மலை இருக்கலாம், நான் மறுக்கவில்லை. கொண்டுபோன பணத்தில் ஏறக்குறைய பாதி இந்தத் தொட்டிக்கே போய்விட்டது என்று பொருளாளர் அன்றிலிருந்து அதைப் பார்க்கும்போதெல்லாம் பெருமூச்சு விட்டாள்.

இரவில் யார் குறட்டை விடுவது என்று சண்டை. மூன்று பேருமே தான் இல்லை என்றோம். பொருளாளர் போனில் பதிவு செய்து காலையில் போட்டுக் காட்டினாள். லாரி மேடேறுவது போல ஒரு சத்தம். "பாட்டிதான்" என்று நான் அடித்துச் சொல்லிக்கொண்டிருக்கும்போதே பதிவுக்குள் பாட்டி குரல் கேட்கிறது: "ஏண்டி, இவளைத் திருப்பிப் படுக்க வைக்கலாமா?" வள்ளுவர் நட்புக்கு ஒதுக்கிய ஐந்து அதிகாரத்தில் ஒன்று பழைமை. பழகியவர்கள் உரிமையோடு செய்வதைப் பொறுத்துக்கொள்வது பற்றி அதில் பத்துக் குறள் உண்டு. குறட்டையை ரெக்கார்ட் பண்ணி குரூப்பில் போடுவதும் அந்த உரிமையில் சேருமா என்று அவரைத்தான் கேட்க வேண்டும்.

இப்போது டிரைவர். மலை உச்சிக்கு ஜீப்பில்தான் போக வேண்டும். அவர் கேட்டது, தங்கியிருந்த இடத்தில் விசாரித்தபோது சொன்னதைப் போல இரண்டு மடங்கு. பொருளாளர் பேரம் பேசினால் பார்க்க வேண்டும், ஒரு கச்சேரி. வேண்டாம் என்று நாலடி நடந்தாள், அவர் கூப்பிட்டார். திரும்பினாள், இறங்கி வந்தார். இன்னும் நாலடி நடந்தாள். விலை படியப் போகிற அந்த நேரத்தில் பாட்டி ஜீப்புக்குள் எட்டிப் பார்த்துவிட்டு சத்தமாக, "பாவம்டி, ரெண்டு பொம்பளப் பிள்ளைங்க போட்டோ மாட்டியிருக்காரு" என்றாள். டிரைவர் முகம் மலர்ந்தது. "பெரியவ பத்தாவதுங்க" என்றார். பழைய விலைக்கே போனோம். வழியெல்லாம் பொருளாளர் பாட்டியிடம் பேசவில்லை. அவை டிரைவரின் அக்கா பிள்ளைகள் என்பது இறங்கும்போது தெரிந்தது.

உச்சியில் மேகம். கை நீட்டினால் விரல் தெரியவில்லை. காத்திருந்தோம். எதிரே பெரிய பள்ளத்தாக்கு இருப்பதாகப் பலகை சொன்னது. நாங்கள் எடுத்த படத்தில் வெள்ளைக்குள் மூன்று சாம்பல் நிற உருவங்கள். அதில் எது நான் என்பதில் இன்னும் ஒருமித்த கருத்து இல்லை.

கன்சாஸ் பல்கலைக்கழகத்து ஜெஃப்ரி ஹால் 2018இல் ஓர் ஆய்வு வெளியிட்டார். அறிமுகமானவர் சாதாரண சிநேகிதராக ஏறக்குறைய 50 மணி நேரம் சேர்ந்து கழிய வேண்டும், நண்பராக 90, நெருங்கிய நண்பராக 200க்கும் மேல். மேகத்துக்குள் நின்றுகொண்டு இதைச் சொன்னேன். பொருளாளர் உடனே விரலை மடக்கினாள்: "பஸ் பத்து மணி நேரம், தூங்கினதைக் கழிக்கணும்." பாட்டி, "நீ போன் பாத்த நேரத்தையும் கழிக்கணும்" என்றாள். என்னைத்தான்.

விளையாட்டாகத்தான் ஆரம்பித்தது. நான் ஆபீஸ் வேலை என்று ஏதோ சொன்னேன். அவள் நிறுத்தவில்லை. "எங்க அம்மா போனப்போ நீ மெசேஜ்தான் போட்ட. அப்பவும் ஆபீஸ்தான்." ஒன்பது வருஷம் ஆகிவிட்ட விஷயம். ஒரு தடவைகூட அவள் அதை எடுத்ததில்லை. எனக்கு வாய் வரவில்லை. மெசேஜ்தான் போட்டேன், உண்மை. இறங்கி வரும் வழியெல்லாம் மூன்று பேரும் ஆளுக்கொரு பக்கம் மேகத்தைப் பார்த்தோம். அறைக்கு வந்தும் இரண்டு மணி நேரம் பேச்சில்லை. பாத்ரூமில் போய் அழுதேன். குழாயைத் திறந்துவிட்டுத்தான். சுவர் மெல்லிசு.

வெளியே வந்ததும் சொன்னேன், "வந்திருக்கணும்டி." பாட்டி என்னைப் பார்க்காமல், "சார்ஜர் இருக்கா?" என்றாள். கொடுத்தேன். அவள் போனில் எண்பது சதவீதம் இருந்ததை இருவருமே பார்த்தோம். பொருளாளர் கட்டிலிலிருந்து, "பேசாம இருந்த ரெண்டு மணி நேரம் 200இல் சேருமா, சேராதா?" என்று கேட்டாள். தலையணை பறந்தது.

அன்று இரவு முழுக்கப் பழைய வழக்கு. இருபது வருஷத்துக்கு முந்தைய அந்தப் பயணத்தில் ஓடையில் வழுக்கி விழுந்தது யார்? நான் விழுந்தேன், பாட்டி இழுத்தாள் என்பது என் ஞாபகம். தான் விழுந்ததாகவும், நாங்கள் இருவரும் கரையில் நின்று சிரித்ததாகவும் பாட்டி சத்தியம் செய்கிறாள். அந்தப் பயணத்தில் ஓடையே இல்லை, அது குளம் என்கிறாள் பொருளாளர். தண்ணீர் எவ்வளவு சில்லென்று இருந்தது என்பது வரை எனக்கு நினைவிருக்கிறது. பாட்டிக்கும் அப்படியே நினைவிருக்கிறதாம்.

திரும்பி வந்த பஸ் நன்றாக இருந்தது. எழுத ஒன்றுமில்லை.

நேற்று ராத்திரி குரூப்பில் கணக்கு வந்தது. மூன்றால் வகுபடாத மிச்சத்தை வழக்கம்போல என் தலையில் கட்டியிருக்கிறாள். ஜீப் செலவுக்குப் பக்கத்தில் "பாட்டியின் இரக்கம்" என்று தனி வரி. அதோடு ஒரு போட்டோ: மஞ்சளாகிப்போன கோடு போட்ட நோட்டுப் பக்கம், பழைய பயணத்தின் கணக்கு. இத்தனை நாள் பத்திரமாக வைத்திருக்கிறாள். நானும் பாட்டியும் ஒரே நேரத்தில் பெரிதாக்கிப் பார்த்திருக்க வேண்டும். பஸ், அறை, பஸ், அதற்கும் கீழே பாதி அழிந்த மையில்: "ஓடையில் விழுந்தவளுக்குப் புதுச் செருப்பு."

பேர் போடவில்லை.