கரால்: பெருவின் மிகப் பழைய நகரமும் ஒரு வாடகைக் காரின் அடாவடியும்

பெரு நாட்டுக்கு வருகிறவர்கள் எல்லாரும் மாச்சு பிச்சுவுக்கே ஓடுகிறார்கள். ரயிலுக்கும் நுழைவுச்சீட்டுக்கும் ஆகும் செலவைக் கூட்டிப் பார்த்த பிறகு நான் அந்த எண்ணத்தைக் கைவிட்டேன். அதற்காகத் துளியும் வருந்தவில்லை. அது இன்காக்கள் 15ஆம் நூற்றாண்டில் கட்டியது. லிமாவுக்கு வடக்கே ஏறத்தாழ 200 கிலோமீட்டரில், சூப்பே பள்ளத்தாக்கில் இருக்கும் கராலோ அதைவிட நாலாயிரம் ஆண்டுகள் மூத்த நகரம். போகும் வழியையும் செலவையும் முதலில் சொல்லிவிடுகிறேன்.

லிமாவிலிருந்து கிளம்பிய பேருந்து கை காட்டிய இடத்திலெல்லாம் நின்றது. குளிர்சாதனம் இயங்கவில்லை, கண்ணாடியையும் திறக்க முடியவில்லை. அதைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். சூப்பேயில் பிடித்த வாடகைக் கார்தான் வயிற்றெரிச்சலைக் கிளப்பியது. போய்வர, காத்திருக்க, எல்லாம் சேர்த்து 100 சோல் (பெரு நாட்டு நாணயம்) என்று பேசி ஏறினோம். இடிபாடுகளுக்குப் போய்ச் சேர்ந்ததும் காத்திருப்புக்குத் தனியாக 40 சோல் வேண்டும், இல்லையென்றால் இப்போதே திரும்பிவிடுவேன் என்றார் ஓட்டுநர். சுற்றிலும் பொட்டல், வேறு வண்டி கிடையாது. கொடுக்கத்தான் வேண்டியிருந்தது. இது பச்சையான பறிப்பு. பேசும்போதே எத்தனை மணி நேரம் நிற்க வேண்டும் என்பதையும் சொல்லி, மொத்தத் தொகையைத் தாளில் எழுதிக் காட்டிவிடுங்கள்.

வழிகாட்டி இல்லாமல் உள்ளே விடுவதில்லை; அந்த விதி நல்லது. எங்களுடன் வந்த பெண்மணி, பெரிய பிரமிடின் ஓரத்தில் கட்டுமானத்தின் உள்பகுதி வெளியே தெரிந்த இடத்துக்கு எங்களை நேரே கூட்டிப்போனார். நாணலைத் திரித்து அகலக் கண்ணிகளாகப் பின்னிய பைகள், அவற்றுக்குள் உடைகற்கள். இவற்றுக்குச் சிக்ரா என்று பெயர். கற்களைப் பையோடு சுமந்து வந்து, பையோடே மேடைக்குள் அடுக்கியிருக்கிறார்கள். நிலநடுக்கத்தின்போது இந்தப் பைகள் சற்றே அசைந்து கொடுத்து அதிர்வை வாங்கிக்கொள்ளும் என்று ஆய்வாளர்கள் விளக்குகிறார்கள். யாரோ போட்ட முடிச்சு இன்னும் அவிழாமல் இருப்பதைக் கண்ணால் பார்த்தேன். நாணல் ஓராண்டுக்குள் வளர்ந்து அறுக்கப்படுவது என்பதால் எஞ்சியிருக்கும் கதிரியக்கக் கரிமத்தை அளந்து வயதைச் சொல்லும் கரிமக் காலக்கணிப்புக்கு மிகவும் ஏற்றது. பெரு நாட்டுத் தொல்லியலாளர் ரூத் ஷேடி தலைமையிலான குழு இங்கிருந்து எடுத்த மாதிரிகளைக் கணித்து, இந்நகரம் கி.மு. 2600 அளவில் எழுந்தது என்று 2001இல் அறிவித்தபோதுதான் உலகம் திரும்பிப் பார்த்தது. எகிப்தில் பெரும் பிரமிடுகள் எழுந்த காலமும் ஏறத்தாழ அதுவே.

ஆனால் என்னை அசைத்தது வயது அல்ல. இம்மக்களிடம் மட்பாண்டம் இல்லை, சக்கரம் இல்லை, சுமையிழுக்கும் விலங்கு இல்லை. அகழாய்வில் கோட்டை மதிலும் கிடைக்கவில்லை, போர்க்கருவிகளும் கிடைக்கவில்லை. படை திரட்டிப் பிறரை அடக்காமல் இவ்வளவு பெரிய நகரம் எப்படி எழும் என்ற கேள்விக்குப் பருத்தியும் மீனும் விடை சொல்கின்றன. பள்ளத்தாக்கில் விளைந்த பருத்தி கடற்கரைக்குப் போய் மீன்வலையானது. அந்த வலையில் விழுந்த நெத்திலியும் மத்தியும் உள்நாட்டுக்கு வந்து நகரத்தார் வயிற்றை நிரப்பின. ஈக்வடார்ப் பக்கத்து வெதுவெதுப்பான கடலில் மட்டுமே வளரும் சிப்பிகூட இங்கே வந்து சேர்ந்திருக்கிறது. தாழ்வான வட்ட முற்றத்தை ஒட்டிய கோயிலில் கூழைக்கடா, காண்டர் கழுகு ஆகியவற்றின் எலும்பால் செய்த 32 புல்லாங்குழல்கள் ஒருசேரக் கிடைத்தன. அவற்றில் சிலவற்றில் குரங்கு உருவம் செதுக்கப்பட்டிருக்கிறது, கடலோரப் பாலைவனத்தில் குரங்கு ஏது! கொலம்பஸ் வந்த பிறகுதான் அமெரிக்காவுக்கு வரலாறு தொடங்கியது போலப் பாடம் எழுதுகிறவர்களை இந்த முற்றத்தின் முன் கொண்டுவந்து நிறுத்த வேண்டும்.

இத்தனை பெருமை உள்ள இடத்தைப் பெருந்தொற்றுக் காலத்தில் ஆக்கிரமிப்பாளர்கள் இயந்திரங்களோடு புகுந்து சேதப்படுத்தினார்கள் என்பதும், தடுத்த ரூத் ஷேடிக்கே கொலைமிரட்டல் வந்தது என்பதும் நெஞ்சைக் கொதிக்க வைக்கின்றன. 2009இல் உலக மரபுச் சின்னமாக அறிவிக்கப்பட்ட இடத்தின் கதி இது.

மாலையில் பர்ராங்கா ஊரில் சாப்பிட்ட ‘தாக்கு தாக்கு’ என்ற பெரு நாட்டு உணவு, காரோட்டி மீதிருந்த கோபத்தை முழுவதும் தணித்துவிட்டது. சோற்றையும் வேகவைத்த பயறையும் மசித்து, பூண்டும் மிளகாயும் சேர்த்து, வெளிப்புறம் மொறுமொறுவென்று சிவக்கும் வரை கல்லில் திருப்பிப் போட்டு எடுக்கிறார்கள். மேலே வறுத்த மீன். ஒரு தட்டு இருவருக்குத் தாராளமாகப் போதும். ஆளுக்கொன்று சொல்லிக் காசை வீணாக்காதீர்கள்.

செலவைப் பொறுத்தவரை, கார்தான் பெரிய சுமை. நான்கு பேர் சேர்ந்தால் சமாளிக்கலாம். நிழல் அறவே இல்லை, தண்ணீரை லிமாவிலேயே வாங்கிக்கொள்ளுங்கள். டிசம்பர் முதல் மார்ச் வரை ஆறு பெருகும் என்பதால் அந்த மாதங்களைத் தவிர்ப்பது நல்லது. ஒரு நாள் கூடுதலாக இருந்தால், கராலுக்கு மீன் அனுப்பிய கடலோர ஊரான அஸ்பெரோவையும் பாருங்கள். பல ஆண்டுகள் நகராட்சிக் குப்பைமேடாகக் கிடந்த அந்த மண்ணிலிருந்துதான், மக்கா கிளி இறகுகள் கோத்த போர்வையோடு புதைக்கப்பட்ட உயர்குடிப் பெண் ஒருத்தியின் உடலை எடுத்ததாக 2025இல் அறிவித்தார்கள்.