மேஜர் லீக்கில் ஒரு நாளும் ஆடாத முகாமையாளர்

ரொறன்ரோ ப்ளூ ஜேஸ் பேஸ்போல் அணியின் முகாமையாளர் ஜோன் ஷ்னைடர், வட அமெரிக்க பேஸ்போலின் உச்சப் போட்டியான மேஜர் லீக்கில் ஒரு ஆட்டம்கூட ஆடியதில்லை. யாழ்ப்பாணத்தில் இருந்துகொண்டு உனக்கேன் உந்தக் கதை என்று கேட்பீர்கள். இங்கே எந்த ஒழுங்கைக்குள் போய் விசாரித்தாலும் ரொறன்ரோவில் ஒரு சொந்தம் இருக்கும், 2025 ஒக்ரோபர் முழுக்க வாட்ஸ்அப்பில் வந்ததெல்லாம் நீலச் சட்டை போட்ட மருமக்களின் படங்கள்தான். அதுவரை எனக்கு பேஸ்போல் என்றால் இங்கே பள்ளிக்கூடங்களில் விளையாடுகிற எல்லேயின் பணக்காரச் சொந்தக்காரன், அவ்வளவுதான். ஸ்காபரோவில் இருக்கிற பெரியம்மாவின் மகன் அண்ணா ஃபோனில் விதிகளைச் சொல்லித் தந்தார், பாதி விளங்கியது. ஆனால் எனக்கு ஆட்டத்தைவிட வெளியே சுவிங்கம் சப்பிக்கொண்டு நின்ற அந்த ஆளில்தான் கண் போனது.

சரி, ஆளின் கதை. 1980இல் பிறந்தவர், நியூ ஜேர்சியில் வளர்ந்தவர், டெலவேர் பல்கலைக்கழகத்துக்கு விளையாடியவர். 2002இல், அணிகள் முறைவைத்து இளம் வீரர்களைத் தெரிவுசெய்கிற தேர்வில், ப்ளூ ஜேஸ் அவரை 13ஆவது சுற்றில் எடுத்தது, அதாவது வந்தால் லாபம், வராவிட்டால் நட்டமில்லை என்கிற கணக்கு. மேஜர் லீக்குக்குக் கீழே சிங்கிள் ஏ, டபுள் ஏ, ட்ரிபிள் ஏ என்று சின்னச் சின்ன ஊர்களில் கிளை அணிகள் இருக்கின்றன, அந்தப் படிகளில் ஏறித்தான் மேலே போகவேண்டும், பெரும்பாலான பெடியள் நடுவழியிலேயே நின்றுவிடுவார்கள். இவர் ட்ரிபிள் ஏ வரை எட்டிப் பார்த்தார். அப்புறம் முதுகு, தலையில் பட்ட அடிகள் என்று 2007ஓடு எல்லாம் முடிந்தது, முப்பது வயதுகூட ஆகவில்லை.

காசாவது மிச்சமிருந்திருக்குமோ என்றால் அதுவும் இல்லை. அமெரிக்காவில் பந்து விளையாடுகிறவன் கோடீஸ்வரன் என்று இங்கே நாங்கள் நினைத்துக்கொண்டிருக்கிறோம். 2022இல்தான் மைனர் லீக், அதாவது அந்தக் கீழ்ப்படி அணிகளின் ஆட்டக்காரர்களுக்குச் சங்கம் கிடைத்தது. 2023இல் முதல் ஒப்பந்தம் வரும்வரை டபுள் ஏ ஆட்டக்காரர் ஒருவரின் குறைந்தபட்ச வருடச் சம்பளம் 13,800 டொலர், ஒப்பந்தத்துக்குப் பிறகுதான் 30,250 ஆனது. ஷ்னைடர் ஆடிய காலம் இதற்கெல்லாம் எவ்வளவோ முந்தியது.

ஆனாலும் அவர் வீட்டுக்குப் போகவில்லை. 2008இலேயே அதே அமைப்பின் அடிமட்ட அணி ஒன்றுக்கு முகாமையாளர் ஆகிவிட்டார். பேஸ்போலில் முகாமையாளர் ஹோட்டல், டிக்கெட் பார்க்கிற ஆள் இல்லை. கிரிக்கெட்டில் கப்டன் களத்தில் நின்று எடுக்கிற முடிவுகளை, எப்போது பந்துவீச்சாளரை மாற்றுவது, யாரை எந்த இடத்தில் துடுப்பெடுத்தாட விடுவது என்பதையெல்லாம், இங்கே வெளியே நின்று இவர்தான் எடுக்கவேண்டும். பத்து வருடத்துக்கு மேல் அப்படிச் சின்ன ஊர்களில் பஸ்ஸில் திரிந்தார்.

எனக்குச் சுவாரசியமாகப் பட்டது வேறொன்று. ஷ்னைடர் ஆடும்போது கச்சர், எங்கள் விக்கெட் காப்பாளர் மாதிரி துடுப்பாட்டக்காரருக்குப் பின்னால் குந்தியிருக்கிற ஆள். ஜிம் லேலண்டும் மைனர் லீக்கோடு நின்றுபோன கச்சர்தான், 1997இல் முகாமையாளராக ஃப்ளோரிடா மார்லின்ஸுக்கு உலகத் தொடரை, அதாவது மேஜர் லீக்கின் இறுதித் தொடரை, வென்று கொடுத்தார். ஜோ மேடன் இன்னொருவர், 2016இல் அதே தொடரை வென்று சிக்காகோ கப்ஸின் 108 வருடக் காத்திருப்பை முடித்தவர். பிரையன் ஸ்னிட்கரின் கதைதான் உச்சம்: 1980இல் அட்லாண்டா பிரேவ்ஸ் அவரது ஆட்டத்தை முடித்துவைத்தபோது, அங்கே இளம் வீரர்களுக்குப் பொறுப்பாக இருந்த ஹாங்க் ஆரன், பேஸ்போல் கண்ட மிகப்பெரிய துடுப்பாட்டக்காரர்களில் ஒருவரான அந்த ஹாங்க் ஆரனேதான், கூப்பிட்டுப் பயிற்சியாளர் வேலை கொடுத்தார். பெரிய அணியின் பொறுப்பு கைக்கு வர 2016 ஆகிவிட்டது, அறுபது வயது. 2021இல் உலகத் தொடரை வென்றார், எதிரணியான ஹூஸ்டனில் துடுப்பாட்டப் பயிற்சியாளர் அவருடைய சொந்த மகன்!

எல்லாக் கெட்டிக்கார முகாமையாளரும் கச்சர் இல்லைத்தான், ஏர்ல் வீவர் மைனர் லீக்கில் இரண்டாம் பேஸில் நின்றவர். ஆனால் களத்தில் முழு மைதானத்தையும் எதிரே பார்த்தபடி இருக்கிற ஒரே ஆள் கச்சர். ஒவ்வொரு பந்துக்கும் சைகை காட்டவேண்டும், பந்துவீச்சாளருக்கு மனம் தளர்கிறதா என்று முகத்தைப் பார்க்கவேண்டும். அந்த இடத்திலும் இருந்து, மேலே போகவும் கிடைக்காதவனுக்கு, வாங்கில் இருக்கிற பெடியன் என்ன யோசிக்கிறான் என்று யாரும் சொல்லித் தரத் தேவையில்லை. இங்கே எங்கள் கழகங்களில் கோச் தேடும்போது முதலில் கேட்பது, ஆள் எந்தக் காலத்தில் எத்தனை கோல் அடித்தவர், பிக் மட்ச்சில் எத்தனை ஓட்டம் எடுத்தவர் என்று. நட்சத்திரமாக இருந்தவருக்குப் பல நேரம், தனக்குச் சுலபமாக வந்தது இன்னொருவனுக்கு ஏன் வருகுதில்லை என்று விளங்காது. இதை எங்கள் கழகக் கூட்டத்தில் சொன்னால் அடிக்க வருவார்கள், அதனால் இங்கே எழுதுகிறேன்.

2018இல் ஷ்னைடர் நியூ ஹாம்ப்ஷயர் அணியோடு டபுள் ஏ கிண்ணத்தை வென்றார். அந்த வருடம் அவருக்குக் கீழே ஆடிய பெடியன்களில் இரண்டு பேர் விளாடிமிர் கெரேரோ ஜூனியரும் போ பிச்செட்டும். 2019இல் அந்த இரண்டு பெடியளும் மேலே போனார்கள், ஷ்னைடரும் பயிற்சியாளராக மேலே போனார். 2022 ஜூலையில் இருந்த முகாமையாளரை நீக்கிவிட்டு இவரிடம் பொறுப்பைக் கொடுத்தார்கள்.

அப்புறம் நல்லாய் வாங்கிக் கட்டினார். 2022 ஒக்ரோபரில் சியாட்டிலோடு 8-1 என்று முன்னுக்கு நின்ற ஆட்டத்தை 10-9 என்று விட்டார்கள். அடுத்த வருடம் மினசோட்டாவோடு, நன்றாக வீசிக்கொண்டிருந்த பந்துவீச்சாளர் பெரியோஸை 47 பந்தோடு நாலாவது இன்னிங்ஸிலேயே எடுத்துவிட்டு, 2-0 என்று தோற்றார்கள். அது இவருடைய முடிவா மேலிடத்துக் கணினிகளின் முடிவா என்று அப்போது பெரிய சண்டை. (அதே 2023இல் ஃப்ளோரிடாவில் ஒரு சாப்பாட்டுக் கடையில் இறால் தொண்டையில் அடைத்த ஒரு பெண்ணை இவர்தான் காப்பாற்றினார், கடைக்காரர் நன்றிக்கு ஒரு பியர் கொடுத்தாராம்.) 2024இல் பிரிவிலேயே கடைசி.

அடுத்த வருடம் 94 வெற்றி, பிரிவில் முதலிடம், நியூயோர்க் யாங்கீஸையும் சியாட்டிலையும் தாண்டி உலகத் தொடர். 1993க்குப் பிறகு ப்ளூ ஜேஸ் அந்தப் பக்கம் போனதேயில்லை. லொஸ் ஏஞ்சலஸ் டொட்ஜர்ஸோடு தொடரைத் தீர்மானிக்கிற ஏழாவது ஆட்டம் எங்களுக்கு ஞாயிறு காலை ஐந்தரைக்குத் தொடங்கியது, முடியும்போது பத்து மணி ஆகப்போனது, தேத்தண்ணியும் பாணுமாய் ஃபோனுக்கு முன்னால் இருந்தேன். ஒன்பதாவது இன்னிங்ஸில் 4-4. பேஸுக்கு வந்த பிச்செட்டை எடுத்துவிட்டு, ஓடுவதற்குக் கைனர்-ஃபலேஃபாவை விட்டார் ஷ்னைடர். அந்தாள் ஹோம் பேஸில் மயிரிழையில் அவுட். பதினொராவது இன்னிங்ஸில் டொட்ஜர்ஸ் ஒரு ஹோம் ரன் அடித்து 5-4 என்று ஆனது, கெரேரோ இரண்டாம் பேஸில் நிற்கும்போது, பிச்செட் நிற்கவேண்டிய இடத்தில் அதே கைனர்-ஃபலேஃபா வந்து, கெரேரோவை மூன்றாம் பேஸுக்கு நகர்த்தப் பந்தை மெதுவாகத் தட்டி வைத்து, தான் அவுட் ஆகிப் போனார். கொஞ்சத்தில் ப்ளூ ஜேஸின் கேர்க் அடிக்க, மட்டை உடைந்து இரண்டு பேர் ஒன்றாக அவுட். முடிந்தது.

"உவருக்கு விசரோ, பிச்செட்டை ஏன் எடுத்தவர்?" என்று அண்ணா அன்றைக்குத் தொடங்கியது இன்னும் ஓயவில்லை. பிச்செட்டுக்கு முழங்கால் காயம், செப்ரெம்பரில் இருந்து உலகத் தொடர்வரை ஆடவேயில்லை, அந்தக் காலோடு அவர் ஓடியிருந்தாலும் ஹோம் பேஸில் இன்னும் முன்னுக்கே அவுட் ஆகியிருப்பார். அவரை டபுள் ஏ காலத்திலிருந்தே பார்த்த ஷ்னைடருக்கு அந்தக் காலைப் பற்றி அண்ணாவைவிடக் கொஞ்சம் கூடத் தெரியும் என்றுதான் நான் நினைக்கிறேன். இதைச் சொன்னால் அண்ணா பதில் சொல்ல மாட்டார், ஃபோனைப் பெரியம்மாவிடம் கொடுத்துவிடுவார்.