எஸ்.எஸ்.ஐ. பதவி உயர்வு: ஒரு தேதிக்காக நீதிமன்றம் போன கதை

பத்து ஆண்டில் முதல் நிலைக் காவலர், அடுத்த ஐந்தில் தலைமைக் காவலர், அதற்கடுத்த பத்தில் சிறப்பு உதவி ஆய்வாளர் (எஸ்.எஸ்.ஐ.). 1997-இல் சேர்ந்த எங்கள் செட்டுக்கு அப்போதிருந்த இந்தக் கணக்குப்படி 2022-இல் எஸ்.எஸ்.ஐ. ஆணை வந்தது. பட்டியலில் என் பெயர் மட்டும் இல்லை. "உங்கள் மேல் தண்டனை நடப்பில் இருக்கிறதே" என்றார் பிரிவு எழுத்தர்.

ஊதிய உயர்வு நிறுத்தம் என்ற அந்தத் தண்டனை, மேல்முறையீட்டில் டி.ஐ.ஜி.யால் எப்போதோ ரத்தாகிவிட்டது. பணிப்பதிவேட்டைக் கேட்டு வாங்கிப் பார்த்தேன். தண்டனை விவரம் சிவப்பு மையில் பளிச்சென்று இருந்தது. ரத்தானதை அதற்குக் கீழே யாரும் பதியவே இல்லை. என்னிடமிருந்த ஆணை நகலை நீட்டினேன். "இது எங்கள் பிரிவுக்கு வரவில்லை சார், நீங்கள் கொண்டுவருவதை வைத்துப் பதிய முடியாது" என்று திருப்பித் தந்துவிட்டார். ஓர் அலுவலகத்தின் தபால் இன்னோர் அலுவலகத்தில் சேராததற்கு நான் அலைய வேண்டியதாயிற்று. இப்போது நினைத்தாலும் வயிறு எரிகிறது.

பத்து ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டித் தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போட்டேன். ரத்து ஆணையின் சான்றிட்ட நகலும், அது அனுப்பப்பட்டதைக் காட்டும் தபால் பதிவேட்டுப் பக்கமும் கிடைத்தன. வழக்கையே தாங்கி நின்றது அந்தப் பக்கம்தான். ஆணையை மட்டும் கேட்டு நிறுத்திவிடாதீர்கள். அது எந்தத் தேதியில் எங்கே போனது என்பதையும் சேர்த்துக் கேளுங்கள்.

பதவி உயர்வு ஒருவழியாக வந்தது, ஆனால் ஆணையிட்ட நாளிலிருந்துதான். செட்டுக்காரர்களுக்குக் கிடைத்த தேதி எனக்கு இல்லை. தேதி தள்ளிப்போனால் ஊதிய நிர்ணயமும், அதைத் தொடர்ந்து ஓய்வூதியமும் அடிபடும். முன்தேதியிட்டுத் தரச்சொல்லி மனுக் கொடுத்தேன். "பரிசீலிக்க இயலாது" என்று ஒற்றை வரியில் பதில் வந்தது.

நம்மவர்கள் பலர் கோட்டை விடுவது இந்த இடத்தில்தான். மனு, நினைவூட்டு மனு, மீண்டும் மனு என்று ஆண்டுகள் ஓடிவிடுகின்றன. மனுக் கொடுத்துக்கொண்டே இருப்பதால் காலக்கெடு நீளாது. பதவி உயர்வில் குறை இருந்தால் ஆறு மாதம், மிஞ்சிப்போனால் ஓராண்டுக்குள் நீதிமன்றத்துக்கு வர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1974-இல் சொன்ன சதாசிவசாமி வழக்கு, தமிழ்நாட்டு அரசு மீது தொடுக்கப்பட்டதுதான். எனக்கு அறிமுகமான ஒருவர், மனுவைப் பரிசீலிக்கும்படி நீதிமன்ற உத்தரவு கிடைத்ததும் வென்றுவிட்டதாக நினைத்தார். அப்படி வரும் பதில், காலங்கடந்து செத்துப்போன கோரிக்கைக்கு உயிர் கொடுக்காது என்று 2008-இல் ஜேக்கப் வழக்கில் தெளிவாகவே சொல்லிவிட்டார்கள். எனவே, மறுப்பு ஆணையை ரத்து செய்து, இன்ன தேதியிலிருந்து பணப்பலனுடன் வழங்க வேண்டும் என்றே உயர் நீதிமன்றத்தில் போடும் ரிட் மனுவில் உங்கள் வழக்கறிஞரைக் கேட்கச் சொல்லுங்கள். பணியில் யார் மூத்தவர் என்ற முதுநிலைப் பட்டியல் தகராறு என்றால், பாதிக்கப்படக்கூடிய இளையவர்களையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்த்தாக வேண்டும். என் கோரிக்கையால் யாருடைய இடமும் மாறாததால் அந்தச் சிக்கல் எழவில்லை.

நான் அப்படிப் போட்ட வழக்கில் அரசுத் தரப்பு முதலில் தாமதத்தைப் பிடித்தது. மறுப்பு ஆணையின் தேதியைக் காட்டியதும் அது நிற்கவில்லை. அடுத்து, பார்க்காத வேலைக்கு ஊதியம் இல்லை என்றது. வேலை செய்யத் தயாராக இருந்தவரை நிர்வாகமே தடுத்து வைத்திருந்தால் அந்த வாதம் செல்லாது என்ற 1991 ஜானகிராமன் தீர்ப்பை எங்கள் வழக்கறிஞர் முன்வைத்தார். தபால் பதிவேட்டுப் பக்கத்தை நீதிபதி வாங்கி நிதானமாகப் படித்தார். செட்டுக்காரர்களின் தேதியிலிருந்தே பதவி உயர்வு, ஊதிய வித்தியாசத்துடன், பன்னிரண்டு வாரத்துக்குள் என்று உத்தரவானது. அன்று நான் விட்ட பெருமூச்சு எனக்குத்தான் தெரியும்.

கெடு முடிந்தும் அலுவலகம் அசையவில்லை. நீதிமன்ற அவமதிப்பு மனுவுக்கு ஓராண்டுதான் வரம்பு என்பதால் காத்திருக்காமல் வழக்கறிஞர் மூலம் நோட்டீஸ் விட்டோம், ஆணை வந்துவிட்டது. நிலுவை ஊதியத்துக்கான பட்டியல் இப்போது கருவூலத்தில் இருக்கிறது. பணிப்பதிவேட்டில் ரத்து ஆணையைப் பதிந்து கையொப்பமிட்ட பக்கத்துக்கு மட்டும் முன்கூட்டியே நகல் வாங்கி வைத்துக்கொண்டேன்.