95ஆம் இலக்கச் சட்டை

பழைய மாணவர் சங்க மலருக்கு ஒரு கல்லூரி நினைவு எழுதித் தாருங்கள் என்று செயலாளர் கேட்டதும் எனக்கு முதலில் ஞாபகம் வந்தது உதைபந்தாட்டம் பழக்கிய மாஸ்ரரின் குரல்தான். "விழுறதெண்டால் முன்னுக்கு விழடா!" பந்தோடு ஓடும்போது தடுமாறினால் இதைத்தான் கத்துவார். அதே சொல்லை நான் மறுபடி கேட்டது கல்கரியில், ஒரு சீன உணவகத்தின் குசினியில்.

1986ஆம் ஆண்டு. கனடாவுக்கு வந்து மூன்று மாதம், கோப்பை கழுவும் வேலை. குசினி வாசலுக்குப் பக்கத்துச் சுவரில் ஒரு கறுப்பு வெள்ளைப் படம் தொங்கியது. 95 என்று போட்ட சட்டை. பந்தை இரண்டு கையாலும் வயிற்றோடு அணைத்துக்கொண்டு குனிந்து ஓடும் ஒரு சீன இளைஞர். முதலாளியின் தம்பியாக்கும் என்று நினைத்துக் கேட்டேன். அவர் மரக்கறி வெட்டிக்கொண்டிருந்த கத்தியைக் கீழே வைத்துவிட்டுத்தான் பேசினார். "நோமி குவொங். இந்த ஊர்ப் பிள்ளை." அது எட்மன்டன் நகரத்துக் கனடியப் புட்போல் அணியின் சட்டை, கல்கரி அணியின் பரம எதிரி. கல்கரிக்காரர் ஒருவர் எட்மன்டன் சட்டையைச் சுவரில் மாட்டுவது லேசான காரியமில்லை என்பது எனக்குப் பிறகுதான் விளங்கியது.

குவொங் 1929இல் கல்கரியில் பிறந்தவர். சீனாவிலிருந்து வந்த அவருடைய பெற்றோர் பலசரக்குக் கடை நடத்தினார்கள். ஒரு காலத்தில் கனடாவுக்குள் வர ஒரு சீனர் 500 டொலர் தலைவரி கட்டவேண்டும். 1923இல் ஒரு சட்டம் போட்டுச் சீனருக்குக் கதவையே சாத்திவிட்டார்கள். அந்தச் சட்டம் நீங்கியது 1947இல். அடுத்த வருடமே குவொங் கல்கரி அணியில் இருந்தார். அந்த 1948 பருவத்தில் அந்த அணி ஒரு ஆட்டத்திலும் தோற்கவில்லை. ரொறன்ரோவில் நடந்த இறுதியாட்டத்தில் ஒட்டாவாவை 12–7 என்று வென்று, கனடியப் புட்போலின் உச்சப் பரிசான கிரே கிண்ணத்தோடு ஊர் திரும்பியது. அவருக்கு அப்போது வயது 19.

இங்கத்தைய புட்போல் நம்முடைய உதைபந்தாட்டம் இல்லை. பக்கத்துக்கு 12 பேர். மூன்று முயற்சிக்குள் பத்து யார் (கஜம்) முன்னேற வேண்டும், இல்லாவிட்டால் பந்து மற்றப் பக்கத்துக்குப் போய்விடும். குவொங் புல்பேக். மலை மாதிரி நிற்கிற ஆட்களுக்கு நடுவே தலையைக் கொடுத்து மூன்று யார், நான்கு யார் என்று பிடுங்கிக்கொண்டு வருவது அவர் வேலை. முதலாளி ஈரத் தரையில் தோளைத் தாழ்த்தி, ஒரு கோவாவைப் பந்தாக அணைத்துக்கொண்டு செய்து காட்டினார். "பிடித்து விழுத்தினாலும் முன்னுக்குத்தான் விழுவார். ஒரு யார் கூடக் கிடைக்கும்." எனக்கு மேலெல்லாம் சிலிர்த்துப்போயிற்று.

1951இல் குவொங் எட்மன்டன் அணிக்குப் போனார். 1954, 1955, 1956 மூன்று வருடமும் கிண்ணம் அவர்களுக்கே. மூன்று தடவையும் தோற்றது மொன்றியல். 1954 என்றால் எல்லாரும் எட்மன்டன் வீரர் ஜக்கி பார்க்கர் கடைசி நேரத்தில் பந்தைப் பொறுக்கி ஓடியதைத்தான் சொல்வார்கள். எங்கள் முதலாளிக்கு 1955தான் பெரிது. வன்கூவரில் 34–19; அதில் இரண்டு ரச்டவுன் (பந்தை எதிரணியின் எல்லைக்குள் கொண்டுபோய்ச் சேர்ப்பது) குவொங்குடையது. கனடாவின் அந்த வருடத்துச் சிறந்த விளையாட்டு வீரரும் அவரே. 1956இல் ஒரே பருவத்தில் 1,437 யார் ஓடினார். 1960இல் விளையாட்டை விட்டார்.

பிறகு, 2005 முதல் 2010 வரை அவர் எங்கள் அல்பேர்ட்டா மாகாணத்தின் லெப்டினன்ட் கவர்னர். தலைவரி வாங்கிய நாட்டில், மகாராணியின் பிரதிநிதி! பதவியேற்ற செய்தியைத் தொலைக்காட்சியில் பார்த்தபோது நான் அழுதுவிட்டேன்.

கனடாவில் பிறந்த ஒருவர் அந்த 1,437 யாரைத் தாண்ட 56 வருடம் எடுத்தது. 2012இல் தாண்டியவர் ஜோன் கோர்னிஷ், கல்கரி அணிக்காரர். அதைக் கேட்க முதலாளி இருக்கவில்லை. கடையை மூடும்போது அவர் அந்தப் படத்தைக் கழற்றி, பழைய செய்தித்தாளில் சுற்றி என் கையில் தந்திருந்தார். இப்போது எங்கள் வீட்டில், கல்லூரி உதைபந்தாட்ட அணியின் குழுப்படத்துக்குப் பக்கத்தில் தொங்குகிறது. குழுப்படத்தில் மாஸ்ரர் இடது ஓரத்தில், விசிலைக் கழுத்தில் போட்டபடி நிற்கிறார்.