இருபத்துமூன்று சிறு தட்டுகள்: பீட்டில்ஸின் சிங்கிள்ஸ் பெட்டி

பீட்டில்ஸ் என்னும் பிரிட்டிஷ் இசைக்குழுவின் பாடல்களை இன்று பெரும்பாலோர் ஆல்பங்களின் வழியாகவே அறிந்திருக்கிறார்கள். ஆனால் அக்குழுவின் பல பாடல்கள் தம் காலத்து ரசிகர்களை முதலில் எட்டியது பக்கத்துக்கு ஒரு பாடல் கொண்ட ஏழு அங்குலச் சிங்கிள் தட்டுகளின் வழியாகத்தான். 2019 நவம்பரில் வெளிவந்த ‘தி சிங்கிள்ஸ் கலெக்‌ஷன்’ என்னும் பெட்டி அந்த வரிசையை மீண்டும் நம் கையில் தருகிறது. 1962 முதல் 1970 வரை பிரிட்டனில் வெளியான 22 சிங்கிள்களும், 1995, 1996 ஆம் ஆண்டுகளில் வந்த இரு பாடல்களைப் பக்கத்துக்கு ஒன்றாகத் தாங்கிய ஒரு தட்டுமாக மொத்தம் 23 தட்டுகள், 46 பாடல்கள், கூடவே 40 பக்கக் கையேடு ஒன்று. என் அலமாரியில் உள்ள ரெக்கார்டுகளிலேயே நான் அடிக்கடி எடுத்துக் கேட்பது இந்தப் பெட்டியைத்தான்.

சென்னைக்காரர்களுக்கு ஏழு அங்குலத் தட்டு அந்நியமான பொருளன்று. எழுபதுகளில் திரைப்பாடல்கள் ஈ.பி. தட்டுகளாகத்தான் வீடுகளுக்கு வந்தன. கல்யாணத்துக்கும் கோயில் திருவிழாவுக்கும் வரும் மைக் செட்காரர்கள் பெட்டி பெட்டியாக அவற்றைச் சுமந்து வந்தார்கள். 1985இல் தீக்கிரையாகும் வரை மூர் மார்க்கெட்டில் பழைய ரெக்கார்டுகள் மலிவாகக் கிடைத்தன. ஆனால் நம் ஈ.பி.யின் பக்கத்துக்கு இரண்டு பாடல்கள் ஒரு படத்திலிருந்து எடுக்கப்பட்டவை. படத்தை விட்டுத் தனியே அவற்றுக்கு இருப்பு இல்லை. பிரிட்டிஷ் சிங்கிளோ பல சமயங்களில் தானே ஒரு முழுப் படைப்பு. ‘ஷீ லவ்ஸ் யூ’, ‘ஹே ஜூட்’ போன்ற பெரும் வெற்றிகள் அக்காலத்தில் குழு பிரிட்டனில் வெளியிட்ட புதுப்பாடல் ஆல்பம் எதிலும் இடம்பெறவில்லை. ஆகவே ஆல்பங்களை மட்டும் வாங்கிச் சேர்ப்பவரிடம் அக்குழுவின் மிக முக்கியமான பாடல்கள் சில இல்லாமலே போகும்; இந்தப் பெட்டியின் முதல் நியாயம் அதுதான்.

இரண்டாவது நியாயம் மோனோ ஒலி, அதாவது இடம் வலம் என்று பிரியாமல் ஒன்றாகவே வரும் ஒலி; இரண்டாகப் பிரிந்து வருவது ஸ்டீரியோ. பிரிட்டனில் வெளியான அந்த 22 சிங்கிள்களில் முதல் 19 மோனோவில் வந்தவை. 1969இல் வந்த ‘தி பேலட் ஆஃப் ஜான் அண்ட் யோகோ’தான் அங்கே அவர்களுடைய முதல் ஸ்டீரியோ சிங்கிள். வானொலியும் ஒற்றை ஒலிபெருக்கி கொண்ட பிளேயரும் இருந்த காலத்தில், தயாரிப்பாளர் ஜார்ஜ் மார்ட்டினும் குழுவினரும் தம் கவனத்தையெல்லாம் குரலையும் கருவிகளையும் ஒன்றிணைக்கும் மோனோ கலவையில்தான் செலுத்தினார்கள். தொடக்ககாலப் பாடல்களின் ஸ்டீரியோ வடிவத்தை ஹெட்போன் மாட்டிக் கேட்டால் குரல்கள் ஒரு காதிலும் கருவிகள் மறு காதிலுமாகப் பிரிந்து நிற்கும். மோனோவில் அவை ஒன்றாகத் திரண்டு நடுவிலிருந்து நேரே வருகின்றன. ‘ஷீ லவ்ஸ் யூ’வின் மூல ஒலிப்பதிவு நாடா எஞ்சவே இல்லை என்பதால் அதற்கு உண்மையான ஸ்டீரியோ கலவை அந்நாளில் அமையவே இல்லை, மோனோ நாடாதான் அப்பாடலின் மூலம்.

தட்டின் அளவும் ஒலியைத் தீர்மானிக்கிறது. இரண்டரை நிமிடப் பாட்டுக்கு ஒரு பக்கம் முழுவதும் கிடைக்கும்போது ஊசி ஓடும் பள்ளங்களை அகலமாக வெட்டலாம். ஒலியளவும் கூடும், தாழ்சுரமும் கனமாக வரும். 1966இல் வந்த ‘பேப்பர்பேக் ரைட்டர்’ தட்டில் தாழ்சுரம் தரும் பேஸ் கிதார் முன் எப்போதும் இல்லாத வலிமையோடு ஒலிப்பதை ஊசி வைத்த உடனே உணரலாம். அளவுக்கு மீறிய தாழ்சுரம் ஊசியைத் தூக்கி எறிந்துவிடும் என்று அஞ்சியே அதற்கு முன்பு தட்டு வெட்டும் பொறியாளர்கள் அதை அடக்கியே வெட்டினார்கள். இதற்கு நேர்மாறாக, ஏழு நிமிடத்துக்கும் மேல் ஓடும் ‘ஹே ஜூட்’ பாடலை அதே ஏழு அங்குலத்துக்குள் அடக்கப் பள்ளங்களை நெருக்கி வெட்ட வேண்டும், ஒலியளவைக் குறைக்கவும் வேண்டும்.

சிங்கிளின் மறுபக்கமான பி பக்கங்களைப் பற்றி எவ்வளவு எழுதினாலும் எனக்குத் தீராது. ‘பேப்பர்பேக் ரைட்டர்’ தட்டைத் திருப்பிப் போட்டால் ‘ரெயின்’; அதன் முடிவில் குழுவின் பாடகர் ஜான் லெனனின் குரல் பின்னோக்கி ஓடுகிறது. 1968 மார்ச்சில் வந்த ‘லேடி மடோனா’வின் மறுபக்கத்தில் இருப்பது குழுவின் கிதார் கலைஞர் ஜார்ஜ் ஹாரிசனின் ‘தி இன்னர் லைட்’. அந்த ஆண்டு ஜனவரியில் பம்பாயின் எச்.எம்.வி. கூடத்தில் இந்திய இசைக்கலைஞர்கள் வாசித்த பின்னணி இசையின்மேல் லண்டனில் குரல் சேர்க்கப்பட்டது. ஹாரிசன் எழுதிய பாடல் ஒன்று அக்குழுவின் சிங்கிளில் இடம்பெற்றது அதுவே முதல் முறை. குழு பிரியும் வரை எந்த ஆல்பத்திலும் சேராத அந்தப் பாடலை, நம் நாட்டில் பதிவான இசை என்ற உரிமையோடு நான் கேட்கிறேன். முன்பக்கத்தின் பியானோ அடங்கியதும் எழுந்து சென்று தட்டைத் திருப்பி, ஊசியை வைத்த பிறகு அந்தக் குழலும் தந்திகளும் தொடங்கும்போது கிடைக்கும் நிறைவு, அடுத்த பாடல் தானாக ஓடிவரும் கைபேசிப் பட்டியலில் எனக்குக் கிடைத்ததில்லை.

உறைகள் குறித்து எனக்கு ஒரு மனக்குறை உண்டு. அக்காலத்தில் பிரிட்டனில் சிங்கிள்கள் பெரும்பாலும் படமில்லாத நிறுவனக் காகித உறையில்தான் விற்கப்பட்டன. எனவே இப்பெட்டிக்காகப் பல்வேறு நாடுகளில் வந்த பட உறைகளைத் தேடி மறுபதிப்புச் செய்திருக்கிறார்கள். பார்க்க அழகாகவே இருக்கின்றன. இருந்தாலும் பிரிட்டிஷ் வரிசையையும் பிரிட்டிஷ் கலவையையும் மதித்தவர்கள், அந்த எளிய காகித உறையையும் ஒவ்வொன்றாகச் சேர்த்திருந்தால் ஆவண மதிப்பு கூடியிருக்கும்.

சென்னையில் இதை வாங்கி வைக்க விரும்புகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. ஐப்பசி, கார்த்திகை மழையில் காற்றில் ஏறும் ஈரம் தட்டைவிட உறையைத்தான் முதலில் கெடுக்கும். காகிதத்தில் பழுப்புப் புள்ளிகள் விழத் தொடங்கினால் பிறகு நீங்காது. பெட்டியை வெளிச்சுவரை ஒட்டிய அலமாரியில் வைக்காமல் உட்சுவர்ப் பக்கம் வையுங்கள். ஈரம் உறிஞ்சும் சிலிக்கா பொட்டலங்களைப் போட்டு, மழைக்காலத்தில் அவற்றை மாற்றிக்கொண்டே இருங்கள். சித்திரை வெயிலில் மொட்டை மாடிக்கு நேர் கீழே இருக்கும் அறை ஆகாது. சூட்டில் தட்டு நெளிந்துவிடும். கிடத்தி அடுக்காமல் நிமிர்த்தியே வையுங்கள். மோனோ கார்ட்ரிட்ஜ் (ஊசியைத் தாங்கி ஒலியை எடுக்கும் பகுதி) ஒன்று வாங்க முடிந்தால் வாங்கிக்கொள்ளுங்கள்; மோனோ தட்டுகளில் வரும் கரகரப்பு ஓசை அதனால் கணிசமாகக் குறையும்.