வேலைக் கணக்கும் ஒரு சமன்பாடும்

போட்டித் தேர்வுக்குப் படித்தபோது, ஆள்-வேலை கணக்குகளை மீ.பொ.ம. (மீச்சிறு பொது மடங்கு) முறையில்தான் பழகினேன். ஒரு வேலையைத் தனியாக முடிக்க ஒருவருக்கு 12 நாள், இன்னொருவருக்கு 18 நாள் என்றால், இரண்டின் மீ.பொ.ம. 36; மொத்த வேலை 36 அலகு. நாளுக்கு 3, 2 என்று இருவரும் சேர்ந்து 5 அலகு முடிப்பார்கள். 36-ஐ 5-ஆல் வகுத்தால் விடை. நேரடிக் கேள்விகளுக்கு இன்றும் எனக்கு இதுதான். ஆனால் ஆளுக்கு எத்தனை நாள் என்பதையே கண்டுபிடிக்கச் சொல்லும் கேள்விகளில் இது நகரவே இல்லை. அப்புறம்தான் இயற்கணிதத்துக்கு மாறினேன்.

நான் பிடித்துக்கொண்டது ஒன்றே ஒன்று. ஒவ்வொருவருக்கும் அவருடைய ஒரு நாள் வேலையை (12 நாள்காரருக்கு 1/12 பங்கு) அவர் உழைத்த நாள்களால் பெருக்கி எழுதுவது. எல்லாவற்றையும் கூட்டினால் முழு வேலை, அதாவது 1. நாள்களை நேராகக் கூட்டக் கூடாது. கூட்ட வேண்டியது ஒரு நாள் வேலையைத்தான்.

அதே இருவரில் 12 நாள்காரர், வேலை முடிய 3 நாள் இருக்கும்போது விலகிவிடுகிறார் என்று வைப்போம். மொத்த நாள் ந. அவர் உழைத்தது ந − 3 நாள், மற்றவர் ந நாள்.

(ந − 3)/12 + ந/18 = 1

36-ஆல் பெருக்கினால் 3ந − 9 + 2ந = 36. ந = 9. சரிபார்ப்பதும் சுலபம்: 6/12, 9/18, இரண்டும் பாதிப் பாதி.

எனக்கு மிகவும் பிடித்தது அடுத்த வகை. இருவரும் சேர்ந்தால் 4 நாள். தனியாகச் செய்தால் ஒருவருக்கு மற்றவரைவிட 6 நாள் கூடுதல். வேகமானவருக்கு ந நாள் என்றால்:

1/ந + 1/(ந + 6) = 1/4

விரித்தால் ந² − 2ந − 24 = 0. காரணிப்படுத்தினால் (ந − 6)(ந + 4) = 0. நாள் குறை எண்ணாக இருக்க முடியாது, ஆகவே −4 போய்விடும். விடை 6 நாள், 12 நாள். கேள்வியை எழுதியபடியே சமன்பாடாக்கியதும் மிச்சத்தை அதுவே பார்த்துக்கொள்வது அத்தனை அழகு!

குழாய்க் கணக்கும் இதேதான், வெளியேற்றும் குழாய்க்குக் கழித்தல் குறி. 6 மணி நேரத்தில் நிரப்பும் குழாயும் 10 மணி நேரத்தில் காலியாக்கும் குழாயும் ஒன்றாகத் திறந்திருந்தால் மணிக்கு 1/6 − 1/10 = 1/15 பங்கு நிரம்பும். தொட்டியில் ஏற்கெனவே கால்பங்கு தண்ணீர் இருந்தால் சமன்பாட்டின் வலப்பக்கம் 1-க்குப் பதில் 3/4 போட வேண்டும். நிரம்ப 11 மணி 15 நிமிடம் ஆகும்.