செத்த செடிக்குக் காவல்

அடுத்த வீட்டுக் குப்பையைத் திருடினால் களவு. சொந்த வீட்டுக் குப்பையைத் திருடினால் அதற்கு என்ன பெயர்? வியாழக்கிழமை விடியற்காலை, இரவு உடைக்கு மேல் குளிர் அங்கி, காலில் இவருடைய பெரிய சப்பாத்து என்ற கோலத்தில், தெருவோரம் வைத்திருந்த கடதாசிப் பைகளை மாநகரசபை லொறி வருவதற்குள் கராஜுக்குள் இழுத்துக்கொண்டிருந்தேன். கனடாவின் ஸ்காபரோவில் அந்த நேரத்தில் உறைபனி கடிக்கும். எனக்கோ வியர்த்தது.

எல்லாம் மாமியின் திருப்பணி. தீபாவளிக்குச் சித்தி வீட்டார் வருகிறார்கள் என்று கேட்டதிலிருந்தே அவருக்குக் கை துறுதுறுத்துக்கொண்டிருந்தது. நான் வேலைக்குப் போன பகலில் மீன் வெட்டுகிற கத்தரியோடு முற்றத்தில் இறங்கியிருக்கிறார். திரும்பி வந்து பார்த்தால் முற்றம் மொட்டை. கோன்பிளவர், மொனார்டா, ஆஸ்டர், கோல்டன்ரொட் என்று நான் வளர்த்த பூச்செடிகள் எல்லாம் நிலத்தோடு சரி. வெட்டியது எல்லாம் தெருவோரக் கடதாசிப் பைகளுக்குள். விளக்குமாற்றுக் கோடுகூடப் போட்டிருந்தார்.

மாமியை முழுக்கக் குறை சொல்லவும் முடியாது. அக்டோபர் கடைசியில் எங்கள் முற்றம் கறுத்த தண்டும் காய்ந்த தலையுமாகத்தான் நிற்கும். வீட்டு வாசலில் பேய் அலங்காரம் செய்கிற ஹலோவீனுக்கு மிட்டாய் வாங்க வந்த ஒரு குழந்தையின் தாய், "அலங்காரம் மிக இயல்பாக இருக்கிறது" என்று பாராட்டிவிட்டே போனார். நாங்கள் அலங்காரம் எதுவும் செய்திருக்கவில்லை. அதை மாமி கேட்டுக்கொண்டு நின்றதுதான் வினை.

"பிள்ளை, நீ வளர்கிற செடியை ஆனியில் பாதியாக வெட்டுகிறாய். செத்த செடியைக் கார்த்திகையில் வெட்டாதே என்கிறாய். இது எந்த ஊர் நியாயம்?" என்றார்.

கேள்வி நல்ல கேள்வி. நியூ இங்கிலாந்து ஆஸ்டரை ஜூனில் பாதிக்கு வெட்டிவிட்டால் கிளை பிரிந்து கட்டையாக நின்று பூக்கும். விட்டுவிட்டால் ஆளுயரம் வளர்ந்து, சரியாகப் பூக்கிற வாரத்து மழையில், நடைபாதையில் போகிற வருகிறவர்களுக்கு எல்லாம் சாஷ்டாங்கமாக விழும். ஆனால் குளிர்காலத்தில் கை வைக்கக் கூடாது. வசந்தத்தில் வெயில் நிலைத்த பிறகு, ஒரு முழம் விட்டு மேலே வெட்டவேண்டும். அந்த முழத் தண்டுக்குள் கோடையில் சிறு தேனீக்கள் குடியேறி, அடுத்த குளிரையும் அதற்குள்ளேயே கழிக்கும். மாமி முதலில் வெட்டியெறிந்தது போன வருடத்து முழத் தண்டுகளைத்தான்.

பையைக் கவிழ்த்து ஒரு மொனார்டாத் தண்டை நகத்தால் பிளந்து காட்டினேன். உள்ளே எறும்பைவிடச் சற்றுப் பெரிதாக, கருநீல மினுக்கத்தோடு தேனீக்கள், யாழ்ப்பாண பஸ் நிலைய வரிசைபோல ஒன்றன் முதுகில் ஒன்று ஒட்டிக்கொண்டு அசையாமல் கிடந்தன. மாமி கண்ணாடியை ஏற்றி இறக்கிப் பார்த்தார். "குளவி" என்றார். அத்தோடு விசாரணை முடிந்தது.

உண்மையில் மாமிக்கு இந்தத் தோட்டத்தோடு பழைய பகை. நான் மில்க்வீட் நட்ட அன்றே இலையைக் கிள்ளிப் பால் வடிவதைப் பார்த்துவிட்டு, "வாசலில் எருக்கு முளைத்த வீடு விளங்குமா?" என்று கேட்டவர். இரண்டும் ஒரே குடும்பம் என்பதைத் தாவரவியல் படிக்காமல் கண்டுபிடித்துவிட்டார். மொனாக் வண்ணத்துப்பூச்சிக் குஞ்சுகளுக்கு அதை விட்டால் வேறு சாப்பாடு இல்லை என்றேன். எடுபடவில்லை. 2014 வரை ஒன்ராறியோ அரசும் மாமியின் கட்சிதான், மில்க்வீட்டைக் கேடுவிளைவிக்கும் களைப் பட்டியலில் வைத்திருந்தது. அரசு மாறிக்கொண்டது. மாமி மாறவில்லை. அதன் விதையை ஈர மணலில் கலந்து குளிர்சாதனப் பெட்டியில் வைத்தால்தான் நன்றாக முளைக்கும். அந்தப் பொட்டலம் மாமியின் கைக்கு அகப்பட்ட கதையை உப்புமா உண்ட வீட்டார் இன்னும் மறக்கவில்லை. இவர் தன் பங்குக்கு, ஆகஸ்டில் தும்மல் வந்தால் கோல்டன்ரொட்டைக் கைகாட்டுவார். உண்மையில் காற்றில் மகரந்தத்தை அள்ளி இறைப்பது வேலியோரத்து ராக்வீட் களை. அது பச்சைப் பூ, யார் கண்ணிலும் படாது. மஞ்சளாகப் பளிச்சென்று பூத்த குற்றத்துக்குக் கோல்டன்ரொட் பழி சுமக்கிறது.

வியாழக்கிழமைக் களவுக்கு வருகிறேன். கடைசிப் பையை இழுக்கும்போது பக்கத்து வீட்டு இத்தாலியக் கிழவர் வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். சிரிக்க அவருக்கும் அருகதை இல்லை. வருடம் தவறாமல் தன் அத்திமரத்தைக் குழியில் சாய்த்துப் புதைத்துவிட்டு, வசந்தத்தில் தோண்டி எழுப்புகிற மனிதர் அவர். ஆனால் அவர் சிரிக்கவில்லை. இரக்கப்பட்டார். எனக்குச் சருகு தேவைப்படுகிறது என்று முடிவு கட்டிவிட்டார். அன்று மாலை வாசலில் இரண்டு பை சருகு. மறுநாள் இன்னும் மூன்று. வேண்டாம் என்றால் மனம் நோகும், வாங்கினால் கராஜில் கார் நிற்காது. இப்போது கார் தெருவில் நிற்கிறது. இவர் காலையில் கண்ணாடியில் பனி சுரண்டும்போது என்ன சொல்கிறார் என்பதை இங்கே எழுத முடியாது.

சனிக்கிழமை காலை மாமி யன்னலோரம் தேநீரோடு நின்றார். மொட்டை முற்றத்தில் கோல்ட்ஃபிஞ்ச் குருவிகள். கோடையில் மஞ்சளாக மின்னுகிறவை, இப்போது தவிட்டு நிறம். கோன்பிளவர் நின்ற இடத்தில் இறங்கி, தாவி, தலையைச் சாய்த்துப் பார்த்துவிட்டு வெறும் வாயோடு பறந்தன. விரத நாட்களில் காகத்துக்கு வைத்த சோற்றை அணில் தின்கிற இந்த நாட்டில், தானாக வாசலுக்கு வந்த குருவி பசியோடு போனதை மாமியால் தாங்கமுடியவில்லை. ஒன்றும் சொல்லாமல் கராஜுக்குள் போனார்.

மத்தியானம் நான் பார்த்தபோது, விதைத்தலையோடு இருந்த தண்டுகள் எல்லாம் பிடிபிடியாகப் பழைய சேலைக் கரையால் கட்டப்பட்டு வேலியோடு நின்றன. குளவி இருக்கிற தண்டுகள் மட்டும் வேறாக, மழை படாத மூலையில்.

தீபாவளியன்று சித்தி காரை விட்டு இறங்கியதும் முதலில் பார்த்தது அதைத்தான். "என்ன அக்கா இது, காய்ந்த தடிக்குச் சேலை கட்டி வைத்திருக்கிறீர்கள்?"

மாமி என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. "எல்லாம் மருமகளின் விசர் வேலை. சொன்னால் கேட்கிறாளா? நீ உள்ளே வா" என்றார்.